எழுபத்திரண்டு ஃபிரேம்கள்

நடந்தவை, வரிசைப்படி:

1. முதல் வாரம், திங்கள். மெல்பேர்ன் திரைப்பட விழாக்காரர்களிடமிருந்து ஒரு சுவீடன் நாட்டுப் படம் ஐந்து ரீல்களாக வந்தது. கூடவே, திரையின் கீழே எழுத்தாகப் போட வேண்டிய வசனங்களின் பட்டியல், ஆங்கிலத்தில். வரிகள் நானூற்றுப் பன்னிரண்டு.
2. அதே வாரம். எல்லா வரிகளுக்கும் இடம் குறித்தேன். 287ஆம் வரிக்கு மட்டும் ஒலி இல்லை. ஆனால் திரையில் வாய் அசைந்தது. ஒலிப்பட்டை பழுது என்று எழுதிவிட்டு வரியைப் போட்டேன்.
3. இரண்டாம் வாரம், திங்கள் முதல் புதன் வரை. எழுத்துகள் படத்தில் பதிக்கப்பட்டன.
4. வியாழன் காலை. அந்தப் படத்தை எழுதிய கவிஞர் நாங்கள் எழுத்துப் பதிக்கும் கூடத்துக்கு வந்து பிரதியைப் பார்த்தார். 287 பிழை என்று தெரிந்தது.
5. வியாழன் மதியம். பிழையை அப்படியே விடும்படி கவிஞர் கையெழுத்திட்டுக் கொடுத்தார். மேலாளர் சம்மதித்தார்.
6. வெள்ளி. நான் அதை அழித்தேன்.
7. சனி, மதியம் மூன்று மணி. மெல்பேர்னில் படம் திரையிடப்பட்டது. கவிஞரின் மகள் வந்திருந்தார்.

பணிப்பதிவேட்டில் இதற்கு மேல் ஒன்றும் இல்லை. பதிவேடு ஆங்கிலத்தில், என் கையெழுத்தில், ஜன்னலோர அலமாரியில் இருக்கிறது. ஒரு வரிக்கு எத்தனை எழுத்து, ஒரு வினாடியில் கண் எவ்வளவு வாசிக்கும், மெழுகை எந்தச் சூட்டில் பூசுவது, எல்லாம் அதிலேயே படித்துக்கொள்ளலாம். இதைத் தமிழில் எழுத இரண்டு காரணங்கள். புதிதாக வந்திருக்கும் நீங்கள் இருவரும் தமிழர்கள். ஒருவர் மானிப்பாய், ஒருவர் மதுரை. மற்றது, மேலாளருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது.

வரும் வெள்ளியோடு நான் இந்த வேலையை விடுகிறேன். வயது முப்பத்தொன்று. "இவ்ளோ சின்ன வயசுல ரிட்டயர் ஆகற ஆளை இப்பத்தாம்மா பாக்கறேன்" என்று சேது அண்ணா ஒரு வாரமாகக் கேலி செய்கிறார். காரணம் கண். ஆறு வருடம் பூதக்கண்ணாடிக்குள் பார்த்த கண் இப்போது மாலை ரயிலில் ஸ்டேஷன் பெயர்ப்பலகையைக்கூடச் சரியாகப் பிடிப்பதில்லை. என் வீடிருக்கும் டூங்கபியிலிருந்து இரண்டு ஸ்டேஷன் தள்ளி ஒரு மருத்துவமனையில் கருவிகளைச் சோதிக்கும் வேலை கிடைத்திருக்கிறது. நான் படித்ததும் அதற்குத்தான். அங்கே முள் அசைந்தால் அசைந்தது, அசையாவிட்டால் அசையவில்லை. யார் என்ன சொன்னார்கள் என்று நான் முடிவு செய்ய வேண்டியதில்லை.

இங்கே அதை முடிவு செய்ய வேண்டும். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

அந்தப் படம் வந்தபோது நான் சேர்ந்து மூன்று வருடம் ஆகியிருந்தது. கறுப்பு வெள்ளைப் படம். ஒரு மரக்கல மாலுமியும் அவன் மனைவியும். அவன் வருகிறான், போகிறான், பொய் சொல்கிறான், மறுபடி வருகிறான். நான்காம் ரீலில் மனைவி கைக்குழந்தையோடு ஒரு படகில் ஏறிவிடுகிறாள். அவன் துறைமுகத்தில் நிற்கிறான். படகின் ஜன்னல் கண்ணாடிக்குப் பின்னால் அவள் முகம். வாய் அசைகிறது. அவ்வளவுதான்; படகு போய்விடுகிறது.

எனக்கு சுவீடன் மொழி ஒரு சொல்லும் தெரியாது. உங்களுக்கும் நீங்கள் எழுத்துப் போடப்போகும் பத்து மொழிகளில் எட்டு தெரியாது. நாம் மொழியைக் கேட்பதில்லை. ஒலி எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்பதைத்தான் பார்க்கிறோம். பட்டியலில் உள்ள வரியை அந்த இடத்தில் பொருத்தி, பட்டியலில் ஒரு குறி போடுகிறோம். நானூற்றுப் பன்னிரண்டு வரி என்றால் நானூற்றுப் பன்னிரண்டு குறி. ஒரு குறி குறைந்தால் எனக்கு அன்றைக்குச் சாப்பாடு இறங்காது. அப்படிப்பட்ட ஆள் நான்.

287ஆம் வரி: "உன்னை மன்னித்துவிட்டேன்."

அந்த இடத்தில் படச்சுருளின் ஓரத்து ஒலிப்பட்டை நேர்கோடாக இருந்தது. குரல் மட்டுமல்ல, படகின் இயந்திரச் சத்தமும் தண்ணீர்ச் சத்தமும்கூட இல்லை. சரியாக மூன்று வினாடிகள் ஒன்றுமே இல்லை. பிறகு எல்லாம் ஒரேயடியாகத் திரும்பி வந்தது. மின்னணுவியல் படித்த எவளும் அதைப் பார்த்தால் ஒரே முடிவுக்குத்தான் வருவாள்: அந்தப் பிரதியில் ஒலி செத்திருக்கிறது.

"சேது அண்ணா, இதில சவுண்ட் போயிட்டுது. வாய் மட்டும் ஆடுது" என்றேன்.

சேது அண்ணா சென்னையில் ஒரு திரைப்பட லேபில் பன்னிரண்டு வருடம் இருந்துவிட்டு வந்தவர். எழுத்துத் தகட்டைப் படத்தில் பதிப்பது அவர் வேலை. தலையைக்கூடத் திருப்பவில்லை. "பழைய பிரிண்ட்டும்மா. எத்தனை ஊர் சுத்திச்சோ. பட்டியல்ல வரி இருக்கா?"

"இருக்கு."

"அப்புறமென்ன? போட்டுடு. காது கேக்காதவனுக்கும் புரியட்டும்."

போட்டேன். குறியும் போட்டேன். அன்றைக்கு மனது நிறைவாக இருந்தது என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். செத்துப்போன ஒலிக்கு உயிர் கொடுத்துவிட்டதாக நினைத்தேன். சேது அண்ணா மெழுகு பூசி, தகட்டை அழுத்தி, கரைசலில் இறக்கினார். எழுத்து இருக்கும் இடத்தில் படத்தின் கறுப்பைக் கரைசல் தின்றுவிடும். திரையில் அது வெள்ளை எழுத்தாக ஒளிரும். தின்றது திரும்பி வராது. இருந்ததும் ஒரே பிரதிதான்.

வியாழக்கிழமை கவிஞர் வந்தார். அறுபத்தாறு வயது. உயரம் காரணமாகக் கதவு நிலையில் குனிந்து நுழைந்தார். பிறகு நிமிரவே மறந்துவிட்டவர் போல அப்படியே நின்றார். எங்களுக்குள் பேசியது ஆங்கிலம். இங்கே தமிழில் தருகிறேன்.

விழா மலருக்காக அவர் வாழ்க்கைக் குறிப்பைத் தட்டச்சு செய்ததும் நான்தான். வடக்கே மரம் அறுக்கும் ஊரில் பிறப்பு. பத்தொன்பது வயதில் முதல் கவிதைத் தொகுப்பு. பிறகு ஒன்பது தொகுப்புகள், பதினொரு திரைக்கதைகள், வானொலி நாடகங்கள், தேவாலயத்துக்குப் பாடல்கள், வேறு பெயரில் துப்பறியும் கதைகள், பிள்ளைகளுக்குப் பாட்டு, மாலுமிகளுக்கான பாதுகாப்புக் கையேடு ஒன்று. நான் எல்லாவற்றுக்கும் எண் போட்டிருந்தேன். அவர் தாளை வாங்கி, விரலால் எண்ணைத் தொட்டுத் தொட்டுப் படித்தார்.

"மார்கரின் பாட்டை ஏன் விட்டுவிட்டீர்கள்?"

"எந்தப் பாட்டு?"

"மார்கரின் என்ற போலி வெண்ணெய்க்கு ஒரு விளம்பரப் பாட்டு எழுதினேன். நான்கு வரி. என் நாட்டில் எல்லாருக்கும் மனப்பாடமான என்னுடைய ஒரே கவிதை அதுதான்."

"சேர்க்கட்டுமா?"

"வேண்டாம். என் மகள் வருகிறாள். கொஞ்சம் கம்பீரமாக இருக்கட்டும்."

மகளைப் பற்றி அப்போதுதான் முதலில் கேள்விப்பட்டேன். மெல்பேர்னில் பள்ளி ஆசிரியை. அவளுக்கு நான்கு வயதாக இருந்தபோது தாய் அவளைத் தூக்கிக்கொண்டு கப்பலேறி இங்கே வந்துவிட்டார். அதன் பிறகு தகப்பனும் மகளும் சந்தித்ததில்லை. கிறிஸ்துமஸ் அட்டைகள், பிறகு அதுவும் இல்லை. தாய் இறந்து இரண்டு வருடம். இப்போது விழாவைச் சாக்கிட்டு இவர் வந்திருக்கிறார். அவளும் சனிக்கிழமை வர ஒத்துக்கொண்டிருக்கிறாள்.

நான்காம் ரீல் ஓடியது. பார்க்கும் மேசையில் திரை ஒரு புத்தக அளவுதான். படகு, கண்ணாடி, முகம். கீழே என் எழுத்து.

"பின்னால் போங்கள்" என்றார்.

போனேன். மறுபடி பார்த்தார். மூன்றாம் முறையும் பார்த்தார். பிறகு மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"இதை யார் போட்டது?"

"நான்தான். ஒலிப்பட்டை அங்கே பழுதாகியிருக்கிறது. பட்டியலில் வரி இருந்தது."

அவர் கோபப்படவில்லை, சிரித்தார். "அது பழுது இல்லை. பரிசு வாங்கிய மௌனம்."

அவர் சொன்னதைச் சுருக்கமாகத் தருகிறேன். திரைக்கதையில் அந்த வரியை எழுதியது அவர். மனைவியாக நடித்தது அவருடைய சொந்த மனைவி. மாலுமியின் பொய்களெல்லாம் அவருடைய சொந்தப் பொய்கள். படப்பிடிப்பில் இருந்த எல்லாருக்கும் அது தெரியும். படகுக் காட்சியன்று அவர் மனைவி, இந்த வரியை நான் சொல்லமாட்டேன் என்றார். இயக்குநர் கெஞ்சினார், இவர் கத்தினார். கடைசியில் மனைவி கண்ணாடிக்குப் பின்னால் போய் நின்று, கேமரா ஓடும்போது ஏதோ சொன்னார். ஒலிவாங்கி வெளியே இருந்தது. என்ன சொன்னார் என்று யாருக்கும் கேட்கவில்லை. கேட்டும் அவர் சொல்லவில்லை. வெட்டித் தொகுக்கும்போது இயக்குநர் அந்த மூன்று வினாடிக்கு எல்லாச் சத்தத்தையும் எடுத்துவிட்டார். படம் வெளியானதும் பத்திரிகைகள் அந்த மௌனத்தைத்தான் கொண்டாடின. எழுதத் தெரிந்தவன்தான் எழுதாமல் விடுவான் என்று இவரைப் பாராட்டினார்கள். பரிசும் கொடுத்தார்கள். இவர் போய் வாங்கிக்கொண்டார்.

பட்டியலைத் தயாரித்தவர் யாரோ படத்தைப் பார்க்காமல் பழைய திரைக்கதையிலிருந்து தட்டச்சு செய்திருக்கிறார். அவர் பிழை அங்கே முடிந்தது. என் பிழை அங்கே தொடங்கியது.

"என்னை மன்னிக்க வேண்டும்" என்றேன். அந்தச் சொல்லை வேறு நான் அங்கே பயன்படுத்தியிருக்கக்கூடாது.

"எதற்கு? நான் எழுதிய வரிதானே. இத்தனை வருடத்துக்குப் பிறகு இப்போதுதான் திரைக்கு வந்திருக்கிறது." கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். "அப்படியே இருக்கட்டும்."

"மகள் இதைப் பார்ப்பார்."

"ஆமாம். அவளுக்கு எங்கள் மொழி தெரியாது. ஆங்கில எழுத்தைத்தான் வாசிப்பாள். அதனால்தான் சொல்கிறேன், அப்படியே இருக்கட்டும்."

மேலாளரிடம் போனேன். அவரை உங்களுக்குத் தெரியும். நல்ல மனிதர், எதையும் காகிதமாக மாற்றினால் அது தீர்ந்துவிடும் என்று நம்புகிறவர். எழுத்தாளர் ஒப்புதல் என்ற படிவத்தை எடுத்து நீட்டினார். "அவரே சரி என்கிறார். கையெழுத்து வாங்கிக்கொள். உன் மேல் பழி வராது." கவிஞர் கையெழுத்திட்டார். மேலாளரும் இட்டார். கீழே எனக்கு ஒரு கட்டம் இருந்தது. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு இடுகிறேன் என்றேன்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். உங்களுக்கும் இது வரும். தவறு உங்களுடையது, ஆனால் பாதிக்கப்பட்டவர் என்று நீங்கள் நினைக்கிற ஆளே, விட்டுவிடு என்கிறார். மேலிடமும் விட்டுவிடு என்கிறது. உடம்பு களைத்திருக்கிறது. அந்த மூன்றும் ஒன்றாகச் சேரும்போது, பாதிக்கப்பட்டவர் உண்மையில் அவர்தானா என்று ஒருமுறை பாருங்கள். நான் பார்த்தது புத்திசாலித்தனத்தால் அல்ல. சாப்பாட்டு நேரத்தில் சேது அண்ணாவோடு சண்டை போட்டதால்.

"எழுதுனவரே சரிங்கறாரு. உனக்கென்னம்மா?" தயிர்ச்சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டார்.

"அவர் எழுதினவர்தான். அவ சொல்லேல்லையே."

"சினிமால யாரும்மா சொன்னதையே சொல்றாங்க? எங்க ஊர்ல ஹீரோயின் வாய் ஒண்ணு, குரல் இன்னொண்ணு. பாட்டு வந்தா மூணாவது ஆளு. அழுகைக்குத் தனியா ஒருத்தி வருவா. ஜனம் பாத்துட்டு அழுதுட்டுப் போகுது."

"அது சனத்துக்குத் தெரியும், அண்ணா. தெரிஞ்சுதானே அழுகினம். இந்தப் பிள்ளைக்குத் தெரியாது. அவவுக்கு இது சினிமா இல்லை, தாய்."

"தாய் செத்துட்டாங்கல்ல?"

"அதுதான் சொல்லுறன். செத்தவ எழும்பி வந்து, நான் அப்பிடிச் சொல்லேல்லை எண்டு சொல்ல ஏலாது. உயிரோட இருக்கேக்க அவவைச் சொல்ல வைக்க அந்த மனிசனால முடியேல்ல. இப்ப நான் வைச்சிட்டன்."

சேது அண்ணா ஊறுகாய்ப் பாட்டிலைத் திறந்தார். நான் என் டப்பாவைத் திறக்கவே இல்லை.

"அப்ப உண்மையா என்னதான் சொல்லியிருப்பாங்க?"

"எனக்கு எப்பிடித் தெரியும்? ஒருவேளை மன்னிச்சிட்டன் எண்டே சொல்லியிருக்கலாம்."

"அப்படின்னா நீ போட்டது சரிதானே?"

"தெரியாததை எழுதினா, அது சரியா இருந்தாலும் பிழைதான்."

"அடேங்கப்பா" என்றார். "எத்தன ஃபிரேம்?"

"எழுபத்திரண்டு."

"பிரஷ் இருக்கா?"

"இருக்கு. புகைப்படம் திருத்துற கறுப்பு மையும் இருக்கு."

"அப்புறம் எதுக்கு என்கிட்ட கேக்கற?"

"கேக்கேல்லை. சொல்லுறன்."

"சொல்லு, சொல்லு. எனக்கெதுவும் தெரியாது. நான் சோறு தின்னுட்டிருந்தேன்." ஊறுகாய்ப் பாட்டிலை என் பக்கம் தள்ளினார். "நீயும் தின்னு. வெறும் வயித்துல கை நடுங்கும்."

வெள்ளிக்கிழமை காலை நான்காம் ரீலை, அடியில் விளக்கெரியும் ஒளிப்பெட்டி மேல் விரித்தேன். வேலை எளிது, ஆனால் முடியாதது. கரைசல் தின்ற ஒவ்வொரு எழுத்துக்குள்ளும் மையை நிரப்ப வேண்டும். எழுத்து ஒன்று மயிரளவு. தூரிகையில் நான்கு முடி. வெளியே வழிந்தால் திரையில் அது கையளவு கறையாகும். அதிர்ஷ்டவசமாக எழுத்து அந்தப் பெண் போட்டிருந்த கறுப்புக் கோட்டின் மேல்தான் இருந்தது. ஆனாலும் எழுபத்திரண்டு ஃபிரேமிலும் ஒரே மாதிரி நிரப்ப மனிதக் கையால் முடியாது. ஓடும்போது அந்த இடம் நடுங்கும். வாசிக்க முடியாது; ஏதோ இருந்தது என்று மட்டும் தெரியும். அதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. வெட்டியெடுத்தால் அவள் முகமே போய்விடும்.

இருபதாவது ஃபிரேமில் கவிஞர் உள்ளே வந்தார். முந்தின நாள் தொப்பியை விட்டுவிட்டுப் போயிருந்தார். தொப்பியை எடுக்கவில்லை.

"நான் கையெழுத்துப் போட்டேனே."

"பார்த்தேன்."

"உங்கள் மேலாளரும் போட்டார்."

"நான் போடவில்லை."

"அது என் வரி."

"வரி உங்களுடையதுதான். அதை அந்த வாயில் வைத்தது நான். நான் வைத்ததை மட்டும்தான் எடுக்கிறேன்."

அவர் ஜன்னலோரம் போய் நின்றார். கீழே பால் வண்டி ஒன்று பின்னால் எடுக்கத் தெரியாமல் தடுமாறிக்கொண்டிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு பேசினார்.

"எத்தனையோ விதமாக எழுதிப் பார்த்தேன். கவிதையில் அவள் என்னை மன்னித்தாள். வானொலி நாடகத்தில் மன்னித்தாள். துப்பறியும் கதையில்கூட ஒருமுறை மன்னித்தாள். கடைசி அத்தியாயத்தில், துப்பாக்கியோடு. யாரும் நம்பவில்லை. நானும்தான். இங்கே அவளுடைய சொந்த முகம். இங்கே மட்டும் நம்பும்படி இருந்தது."

அடுத்த ஃபிரேமை இழுத்தேன். கண் எரிந்தது. கழுத்து வலித்தது. இருபத்தொன்று, இருபத்திரண்டு.

"நான் மெல்பேர்னுக்குப் போனபிறகு எனக்குத் தெரியாமல் செய்திருக்கலாமே" என்றார்.

"செய்திருந்தால் உங்களுக்கும் ஒரு பொய் சொன்னதாகியிருக்கும். எனக்கு இந்த வாரத்துக்கு ஒன்று போதும்."

அவர் போகவில்லை. கதிரையை இழுத்து எதிரே போட்டு உட்கார்ந்தார். நான் ஒவ்வொன்றாக முடித்துச் சொன்ன எண்ணைத் தன் மொழியில் அவர் திருப்பிச் சொன்னார். சுவீடன் மொழியில் எண்ணத் தெரியும் என்று நான் பெருமையடிப்பது அன்றைக்குக் கற்றதுதான். ஐம்பதில் கையை நீட்டினார்.

"ஒன்றை என்னிடம் கொடுங்கள்."

கொடுத்திருக்கக்கூடாது. கொடுத்தேன். ஐம்பத்தோராவது ஃபிரேம். அவர் தூரிகையை அழுத்திவிட, மை எழுத்தைத் தாண்டி மேலே தெறித்து, அந்தப் பெண்ணின் தாடையில் ஒரு புள்ளி விழுந்தது. துடைக்கப் போனேன்.

"விடுங்கள்" என்றார். "அதுவாவது நான் செய்ததாக இருக்கட்டும்."

அந்தப் புள்ளி இன்னும் இருக்கிறது. திரையில் அதைப் பார்க்க முடியாது. வினாடியில் இருபத்து நான்கில் ஒரு பங்கு. ஒளிப்பெட்டியில் வைத்தால் தெரியும்.

மாலை மேலாளரிடம் போய்ச் சொன்னேன். கையெழுத்திட்ட படிவத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "அப்படியானால் இந்தக் காகிதத்தை நான் எங்கே வைப்பது?" என்று கேட்டார். உண்மையிலேயே அவருக்கு அதுதான் கவலை. விழாவில் யாராவது குறை சொன்னால் நேரில் நின்று பதில் சொல்ல வேண்டியது நீதான் என்று என்னையும் அனுப்பினார். அதனால் சனிக்கிழமை காலை விமானத்தில் ரீல் பெட்டிகளோடு நானும் மெல்பேர்ன் போனேன்.

ஒரு கல்லூரி மண்டபம். பாதி நாற்காலிகள் காலி. மகள் இரண்டாம் வரிசையில் இருந்தார். தகப்பனிடமிருந்து ஒரு நாற்காலி தள்ளி. நடுநாற்காலியில் மகளின் மழைக்கோட்டு கிடந்தது. அவர்கள் கைகுலுக்கிக்கொண்டதை நான் பார்த்தேன். புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்கள் போல.

நான்காம் ரீல் வந்தபோது நான் திரையைப் பார்க்கவில்லை, மகளைப் பார்த்தேன். தாயின் முகம் கண்ணாடிக்குப் பின்னால் வந்ததும் முன்னால் குனிந்தார். மூன்று வினாடி. கறுப்புக் கோட்டின் மேல் அந்த நடுக்கம். நான் பயந்ததைவிட அதிகமாகவே தெரிந்தது; ஏதோ பூச்சி துடிப்பது போல.

படம் முடிந்து வரவேற்பு அறையில் தேநீர் கொடுத்தார்கள். கவிஞர் என்னை அறிமுகப்படுத்தினார்: "எழுத்துகளைப் போட்டவர் இவர்." மகள் நேராக என்னிடம் கேட்டார்.

"படகுக் காட்சியில் அம்மாவுக்குக் கீழே ஏதோ ஆடியதே. ஏதோ எழுதி அழித்தது போல?"

"அழித்ததுதான். பட்டியலில் ஒரு வரி இருந்தது. படத்தில் இல்லை. நான் கவனிக்காமல் போட்டுவிட்டேன். என் பிழை."

"என்ன வரி?"

கவிஞர் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் சொல்லியிருக்கலாம், நான்கு வினாடியில் முடிந்திருக்கும். வெள்ளிக்கிழமை முழுவதும் எதை எடுத்தேனோ அதை மறுபடி நானே வைப்பதா என்று தோன்றியது.

"எழுதியவர் பக்கத்தில்தானே நிற்கிறார். அவரைக் கேளுங்கள்" என்றேன்.

ரீலைச் சுற்றி வைக்க வேண்டும் என்று சொல்லிவிட்டு நகர்ந்தேன். பொய் இல்லை, சுற்றத்தான் வேண்டும். படிக்கட்டின் திருப்பத்தில் திரும்பிப் பார்த்தபோது அவர்கள் இருவரும் வெளித்தாழ்வாரத்துக்குப் போயிருந்தார்கள். இடையில் கண்ணாடிக் கதவு. கவிஞர் நீளமாக ஏதோ பேசினார், கையை இரண்டு முறை விரித்தார். மகள் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு மகளின் வாய் அசைந்தது. நீளமாக இல்லை, ஒரு வரி இருக்கும்.

என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது. கவிஞர் பிறகு அனுப்பிய ஒரே ஒரு தபாலட்டையில் அதைப் பற்றி ஒன்றும் இல்லை. மார்கரின் பாட்டின் நான்கு வரி மட்டும், அவர் மொழியில், மொழிபெயர்ப்பு இல்லாமல் எழுதியிருந்தார். போன வருடத்துக்கு முந்தின வருடம் இறந்துவிட்டார். செய்தியை விழாக்காரர்கள் சொன்னார்கள்.

மகள் ஒருமுறை தொலைபேசினார். படம் இரண்டாம் முறை திரையிடப்படுவதற்கு முந்தின வாரம். "அந்த நடுக்கம் இன்னும் இருக்கிறதா?" என்று கேட்டார். இருக்கிறது என்றேன். "சரி" என்றார். நன்றி சொல்லி வைத்துவிட்டார். அது நல்ல சரியா, களைத்த சரியா என்று இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை.

உங்களுக்கு என்னிடம் பெரிய புத்திமதி இல்லை. பட்டியலில் குறி விழாத ஒரு வரி மிஞ்சினால் மிஞ்சட்டும். எல்லாக் கட்டத்தையும் நிரப்பிவிட்டு வீட்டுக்குப் போக வேண்டும் என்ற ஆசைதான் என்னை அந்த வாரம் கெடுத்தது. அந்த ஆசை இன்னும் போகவில்லை. ஆளை மட்டும் களைக்க வைத்திருக்கிறது.

இப்போதைய நிலை இது. பிரதி மெல்பேர்ன் திரைப்படச் சங்கத்தின் சொத்து. ஒவ்வொரு திரையிடலுக்கு முன்பும் சோதனைக்காக இங்கே வரும். சுவீடனிலிருந்து புதுப் பிரதி கேட்டு இரண்டு கடிதம் போட்டேன், பதில் இல்லை. ஓட ஓட மை உதிர்கிறது. இதுவரை நான்கு முறை புதுப்பித்திருக்கிறேன். நேற்று பார்த்தபோது பதினெட்டாவது ஃபிரேமிலிருந்து இருபத்து மூன்றுவரை மை போய், எழுத்தின் மேல்பாதி தெரிகிறது. என் கண்ணால் இனி அதைச் செய்ய முடியாது. அடுத்த திரையிடல் வரும் மாதம் இரண்டாம் சனிக்கிழமை. மையும் தூரிகையும் மேசையின் இடது இழுப்பறையில் இருக்கின்றன. கையெழுத்திட்ட அந்தப் படிவமும் அதற்குக் கீழேயே இருக்கிறது. மூன்றாவது கட்டம் இன்னும் காலி.